ஸ்பெயினின் தொலேதோ நகரம் பற்றி 18 நிமிட ஆவணப்படம் எடுத்திருக்கிறேன், எங்கே பிசகுகிறது என்று சொல்லுங்கள்

படகுத்துறை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நான்கு வருடமாக மாட்ரிடில் இருக்கிறேன். அங்கிருந்து தொலேதோவுக்கு ரயிலில் அரை மணி நேரம். முதல் முறை போனபோது ஸ்டேஷனிலிருந்து நடந்து அல்காந்தரா பாலத்துக்கு வந்து நிமிர்ந்து பார்த்தேன். பாறைக் குன்று, அதை மூன்று பக்கமும் வளைத்துக்கொண்டு ஓடும் தாஹோ ஆறு, உச்சியில் நான்கு மூலைக் கோபுரங்களோடு அல்காசர் கோட்டை. இந்த ஊரைப் படமாக்கியே ஆகவேண்டும் என்று அங்கேயே தோன்றிவிட்டது.

பதினோரு வார இறுதிகள் போய் வந்து எடுத்தேன். கேமரா இரவல், மைக் மட்டும் சொந்தம். படத்தை உறுப்பினர் பகுதியில் ஏற்றியிருக்கிறேன். பார்த்த நண்பர்கள் எல்லோரும் "ரொம்ப அழகா இருக்கு" என்றார்கள். அதற்கு மேல் ஒரு கேள்விகூட வரவில்லை. அதுதான் உறுத்துகிறது.

வரிசை இதுதான்: தெற்குக் கரை மேட்டிலிருந்து விடியற்காலை ஊர். பிறகு விசிகோத் அரசர்களின் தலைநகரம், முஸ்லிம் ஆட்சி, 1085இல் கிறிஸ்தவ அரசர் ஆறாம் அல்ஃபோன்சோ ஊரைப் பிடித்தது, 999இல் கட்டிய சின்னப் பள்ளிவாசல், இரண்டு யூதத் தொழுகைக் கூடங்கள், 1226இல் தொடங்கிய பேராலயம், ஓவியர் எல் கிரெக்கோ, வாள் கடைகள், பாதாம் இனிப்பு. கடைசியில் அதே மேட்டிலிருந்து அந்தி. 14 நிமிடத்துக்கு என் குரலில் வர்ணனை ஓடுகிறது.

தயங்காமல் சொல்லுங்கள்.

வெட்டுமேசை எழுதியது:

இரண்டு தடவை பார்த்தேன். முதல் தடவை சத்தத்தோடு, அடுத்த தடவை சத்தத்தை அணைத்துவிட்டு.

சத்தம் இல்லாமல் பார்க்கும்போது என்ன ஆயிற்று என்றால், எந்த ஷாட்டை எடுத்து எங்கே வைத்தாலும் படம் அப்படியேதான் இருக்கும் போலத் தெரிந்தது. எல்லாம் நல்ல ஷாட். நல்ல வெளிச்சம். ஆனால் ஒன்று இன்னொன்றைக் கூப்பிடவில்லை. வர்ணனைக் குரல்தான் எல்லாவற்றையும் கயிறு போட்டு இழுத்துக்கொண்டு போகிறது.

ஒரே ஒரு இடத்தில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். 11ஆவது நிமிடம். சான் மார்த்தீன் பாலத்துக்குக் கீழே ஆற்றில் வெள்ளை வெள்ளையாக நுரை மிதந்து போகிறது. ஆறு விநாடிதான். அடுத்து வாள் கடைக்கு வெட்டிவிட்டீர்கள். அந்த நுரை என்ன? அதை ஏன் அவ்வளவு சீக்கிரம் விட்டீர்கள்?

படகுத்துறை எழுதியது:

அண்ணா, அது அழுக்கு. மாட்ரிட் மாநகரத்தின் கழிவுநீர் சுத்திகரிக்கப்பட்டு ஹராமா என்ற ஆற்றில் சேர்கிறது. ஹராமா அரான்ஹுவேஸ் ஊரைத் தாண்டியதும் தாஹோவில் கலக்கிறது. தொலேதோ அதற்குக் கீழே இருக்கிறது. மழை பெய்து நீர் கூடும்போது தடுப்பணைகளுக்கு அடியில் இப்படி நுரைத்துக்கொண்டு வரும். ஊரின் அழகைக் காட்டும் படத்தில் இது வேண்டாமே என்று நினைத்தேன். வெட்டி எறியவும் மனசு வரவில்லை. அதனால் ஆறு விநாடி.

நீர்வழி எழுதியது:

பொதுப்பணித் துறையில் முப்பது வருடம் பாசனப் பிரிவில் இருந்தவன். சினிமா எனக்குத் தெரியாது, தண்ணீர் தெரியும். அந்த ஆறு விநாடிக்குள் உங்கள் படம் முழுவதும் இருக்கிறது தங்கச்சி.

ஆற்றின் மேல்மடையில் என்டிரெபேன்யாஸ், புவென்தியா என்று இரண்டு அணைகள். 1979இலிருந்து அங்கிருந்து கிட்டத்தட்ட 300 கிலோமீட்டர் கால்வாய் வழியாகத் தென்கிழக்கில் செகுரா ஆற்றுப் படுகைக்குத் தண்ணீர் போகிறது. முர்சியா, அலிகாந்தே பக்கத்துக் காய்கறித் தோட்டங்கள் அதை நம்பி இருக்கின்றன. ஆக, தலைமாட்டில் நல்ல தண்ணீர் குறைகிறது, இடையில் மாட்ரிட்டின் கழிவுநீர் சேர்கிறது. கலப்பதற்கு நல்ல நீர் போதாவிட்டால் ஆறு என்ன செய்யும்? 1972 ஜூனில் தொலேதோவில் ஆற்றில் குளிக்கவே தடை போட்டார்கள். அதற்கு முன்னால் சாஃபோன்ட் என்ற கரையில் கோடையில் ஊரே இறங்கிக் கிடந்தது. எந்தப் பக்கம் திரும்பினாலும் ஆறு தெரிகிற ஊரில் இரண்டு தலைமுறையாக யாரும் அதில் கால் நனைப்பதில்லை.

இன்னொன்று. அந்த ஊருக்குத் தண்ணீர் எப்போதுமே பிரச்சினைதான். ஆறு பள்ளத்தில், வீடுகள் உச்சியில். 16ஆம் நூற்றாண்டில் ஹுவானெலோ துர்ரியானோ என்று ஒருவர் வந்தார். இத்தாலியின் கிரெமோனாக்காரர், பேரரசர் ஐந்தாம் கார்லோஸுக்குக் கடிகாரம் செய்தவர். அல்காந்தரா பாலத்துக்குப் பக்கத்தில் ஒரு இயந்திரம் வைத்தார். ஆற்று ஓட்டமே சக்கரத்தைச் சுற்றும். அந்த விசையில் வரிசை வரிசையாக ஆடும் கைகள், அவற்றில் உலோகக் கரண்டிகள். ஒன்று சாய்ந்து அடுத்ததில் ஊற்றும், அது சாய்ந்து அதற்கு மேலே உள்ளதில் ஊற்றும். அப்படியே 90 மீட்டருக்கு மேல் ஏற்றி அல்காசருக்குக் கொண்டுபோனது. இதெல்லாம் 1569இல்! அந்த உயரத்துக்கு நீரேற்றுவது அன்றைக்கு நினைத்தே பார்க்க முடியாத காரியம். உங்கள் படத்தில் அவர் பெயரே இல்லை.

கூலி கிடைத்ததா என்றால், இல்லை. தண்ணீர் முழுவதும் அரசர் கோட்டைக்குப் போகிறது, நாங்கள் ஏன் பணம் கொடுக்க வேண்டும் என்று நகரசபை கைவிரித்தது. ஊருக்கென்று இரண்டாவது இயந்திரத்தை 1581இல் முடித்தார். 1585இல் கடனாளியாகச் செத்துப்போனார். அடுத்த நூற்றாண்டில் இயந்திரமும் நின்றது. பழையபடி கழுதை முதுகில் குடம். அந்தத் தண்ணீர்க்காரர்களுக்கு அங்கே அசகான் என்று பெயர். தண்ணீர் கொடுப்பவனைக் குறிக்கும் சக்கா என்ற அரபுச் சொல்லிலிருந்து வந்தது.

வெட்டுமேசை எழுதியது:

இதுதான். படத்தை ஆற்றிலிருந்து தொடங்குங்கள். ஆற்றிலேயே முடியுங்கள். மற்றதெல்லாம் போகட்டும்.

மழைக்காகிதம் எழுதியது:

"மற்றதெல்லாம் போகட்டும்" என்பதை என்னால் ஒப்புக்கொள்ள முடியாது. எது போனாலும் 4ஆவது நிமிடத்தில் வரும் "மூன்று பண்பாடுகள் கைகோத்து வாழ்ந்த நகரம்" என்ற வரி முதலில் போக வேண்டும். தயவுசெய்து.

அது சுற்றுலாப் பலகையில் இருக்கிற வாசகம். அதில் உண்மை இல்லவே இல்லை என்று சொல்லவில்லை. எல் திரான்சிதோ தொழுகைக் கூடத்தின் சுவரைப் பாருங்கள், சுதை வேலைப்பாட்டில் எபிரேயத் திருப்பாடல்களோடு அரபு எழுத்தும் கலந்து ஓடுகிறது. கட்டியவர் சாமுவேல் ஹலேவி, அரசர் பெத்ரோவின் கருவூல அதிகாரி. அதே அரசர்தான் பிறகு அவரைச் சிறைபிடித்தார், செவில்லில் சித்திரவதையில் உயிர் போயிற்று. 1391இல் யூதர்கள் மீது நாடெங்கும் நடந்த தாக்குதலில் தொலேதோவும் தப்பவில்லை. வெள்ளைக் குதிரைலாட வளைவுகளைக் காட்டுகிறீர்களே, அந்த இன்னொரு தொழுகைக் கூடத்தின் பெயரே இன்றைக்கு "வெள்ளை மாதா கோவில்". அது ஏன் மாதா கோவில் ஆயிற்று என்று படம் கேட்கவே இல்லை.

1449ஐ விட்டுவிட்டீர்கள் என்பதுதான் எனக்குப் பெரிய வருத்தம். வரி வசூலை எதிர்த்துக் கிளம்பிய கலகத்தில் பேரோ சர்மியெந்தோ என்ற கோட்டைத் தலைவர் ஊரைக் கையில் எடுத்தார். யூத வம்சத்தில் பிறந்தவர், ஞானஸ்நானம் பெற்றுத் தலைமுறை கடந்த கிறிஸ்தவராகவே இருந்தாலும், நகரப் பதவி எதையும் வகிக்கக் கூடாது என்று ஆணை போட்டார்கள். என்ன நம்புகிறாய் என்ற கேள்வி போய், யார் ரத்தம் உன்னுடையது என்ற கேள்வி வந்தது. "ரத்தத் தூய்மை" சட்டங்கள் என்று ஸ்பெயின் முழுக்கப் பிறகு பரவியதற்கு முதல் படி தொலேதோவில்தான். 1492இல் மதம் மாற மறுத்த யூதர் அனைவரையும் நாட்டை விட்டே துரத்தினார்கள். பிறப்பைக் கேட்டுக் கதவைச் சாத்துவது என்னவென்று நம் வாசகருக்குச் சொல்லிப் புரியவைக்க வேண்டியதில்லை.

ஆற்றை மட்டும் காட்டினால் படம் அழகாக வரும், சந்தேகமில்லை. ஆனால் ஆறு யாரையும் துரத்தவில்லை, ஊர்தான் துரத்தியது.

பழையகணக்கு எழுதியது:

ஓய்வுபெற்ற கணித ஆசிரியன். 5ஆவது நிமிடத்தில் "இங்கே புகழ்பெற்ற மொழிபெயர்ப்புப் பள்ளி இருந்தது" என்று ஒரே வாக்கியத்தில் தாண்டிப் போய்விட்டீர்கள் அம்மா. எனக்கு நெஞ்சு பதறியது!

பள்ளி என்று ஒரு கட்டடம் கிடையாது. ஒரு மேசை, இரண்டு பேர், அவ்வளவுதான். அவென்தாவுத் என்ற யூத அறிஞர் அரபு நூலைப் படித்து ஊர்ப் பேச்சுமொழியில் சொல்லுவார். குந்திசால்வோ என்ற பாதிரியார் அதைக் கேட்டு லத்தீனில் எழுதுவார். பாரசீக மருத்துவ மேதை இப்னு சீனாவின் ஆன்மா பற்றிய நூல் அப்படித்தான் ஐரோப்பாவுக்குப் போனது. நூலின் முகவுரையிலேயே இந்த முறையை எழுதி வைத்திருக்கிறார்கள். கிரெமோனாவிலிருந்து ஜெரார்டு என்பவர் பழைய கிரேக்க அறிஞர் தாலமியின் வானியல் நூலைத் தேடி இந்த ஊருக்கு வந்து, 1187இல் கண்மூடும் வரை எழுபதுக்கும் மேற்பட்ட நூல்களை லத்தீனில் பெயர்த்தார். கவனித்தீர்களா, நீர்வழி ஐயா சொன்ன துர்ரியானோவும் அதே கிரெமோனாதான்.

நம் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் முக்கோணவியலில் "சைன்" என்று படிக்கிறார்களே, அந்தச் சொல் வந்த வழியைப் பாருங்கள். வில்லின் நாணைக் குறிக்கும் ஜ்யா, ஜீவா என்பது சமஸ்கிருதம். அரபு கணிதர்கள் அதை ஒலியாக எடுத்துக்கொண்டு தங்கள் எழுத்தில் எழுதினார்கள். உயிர்க்குறி போடாமல் எழுதுவது அவர்கள் வழக்கம். 12ஆம் நூற்றாண்டின் லத்தீன் மொழிபெயர்ப்பாளர்கள் அதை "ஜைப்" என்று வாசித்தார்கள். ஜைப் என்றால் மடிப்பு, மார்புச் சட்டையின் வளைவு. லத்தீனில் அதற்கு "சைனஸ்". நாண் மடிப்பாகிவிட்டது. உலகம் முழுக்க இன்றும் அந்தப் பிழைவாசிப்போடுதான் கணக்குப் போடுகிறோம்.

தண்ணீர்தான் படத்தைக் கோக்கும் இழை என்றால் அதற்கும் என்னிடம் ஒன்று உண்டு. 11ஆம் நூற்றாண்டில் அல்சர்காலி என்ற வானியலாளர் தாஹோ கரையில் நீர்க்கடிகாரம் அமைத்தார். இரண்டு தொட்டிகள். வளர்பிறையில் நாளுக்கு நாள் நிரம்பும், பௌர்ணமிக்குப் பிறகு அப்படியே வடியும். ஊர் கிறிஸ்தவ அரசின் கைக்குப் போன பிறகும் அது ஓடிக்கொண்டிருந்தது. எப்படி ஓடுகிறது என்று பார்க்க ஒருவர் அதைக் கழற்றினார், திரும்பப் பூட்டத் தெரியவில்லை என்று அல்சுஹ்ரி என்ற அரபுப் புவியியலாளர் எழுதியிருக்கிறார்.

படகுத்துறை எழுதியது:

ஐயா, நன்றி. பதினோரு தடவை அந்தக் கரையில் நடந்திருக்கிறேன். தொட்டிகளைப் பற்றி எனக்குத் தெரியாது.

வல்லைவெளி எழுதியது:

வணக்கம். நான் பாரிசில இருக்கிறன். போன வருசம் பிள்ளையளோட தொலேதோவுக்குப் போனனான். படம் பார்த்தன் தங்கச்சி, வடிவா எடுத்திருக்கிறீங்கள். ஆனா 18 நிமிசத்தில ஒரு ஆள் கூட வாய் திறந்து கதைக்கேல்ல. உங்கட குரல் மட்டும்தான். ஊருக்குள்ள சனமே இல்லையோ எண்டு நினைச்சன்.

சனம் இருக்கு. பழைய ஊர் மதிலுக்குள்ள குறைஞ்சு போச்சு, அது உண்மை. பின்னேரம் சுற்றுலா பஸ் எல்லாம் போன பிறகு தெருவில உங்கட செருப்புச் சத்தம் உங்களுக்கே கேக்கும். அந்த நேரம் பார்த்து ஒரு கன்னியர் மடத்துக்குப் போனம், பாதாம் இனிப்பு வாங்க. கடை மாதிரி இல்லை. சுவரில மரத்தால செய்த ஒரு சுழல் பெட்டி. மணி அடிச்சா உள்ளுக்குள்ள இருந்து ஒரு குரல், "ஆவே மரியா புரிசிமா", மாசில்லா மரியே வாழ்க எண்டு. அதுக்குப் பதில் "சின் பெக்காதோ கொன்செபீதா", பாவமில்லாமல் உற்பவிச்சவளே எண்டு சொல்லவேணும். காசை வைச்சா பெட்டி சுழலும், திரும்பி வரேக்க இனிப்பு இருக்கும். ஆளைக் காணவே ஏலாது. என்ரை சின்னவள் அந்தக் குரலை இண்டைக்கும் சொல்லிக் காட்டுவாள்.

நீங்கள் இனிப்பைக் கண்ணாடிப் பெட்டிக்குள்ள வைச்சு எடுத்திருக்கிறீங்கள். அந்தக் குரல் எங்கை?

வெட்டுமேசை எழுதியது:

வல்லைவெளி அக்கா சொன்னது நியாயம். ஆனால் 18 நிமிடத்தில் நீர்க்கடிகாரம், துர்ரியானோ, 1449, மொழிபெயர்ப்பாளர்கள், கன்னியர் மடம் எல்லாவற்றையும் போட்டால் மறுபடியும் பட்டியல்தான். இப்போது இருக்கிற பட்டியலை விட நல்ல பட்டியல். அதே வியாதி.

ஒரு சந்தேகம். அந்த நுரை ஷாட்டில் தண்ணீர்ச் சத்தம் ரொம்பத் தெளிவாக, கல்லில் விழுந்து சிலுசிலுவென்று கேட்கிறது. படத்தில் தண்ணீர் மெதுவாக மிதக்கிறது. ஒட்டவில்லையே?

படகுத்துறை எழுதியது:

கேட்டுவிட்டீர்கள். அந்தச் சத்தம் அந்த இடத்துடையது இல்லை. அன்று காற்று அதிகம், மைக்கில் ஒன்றும் தேறவில்லை. அரான்ஹுவேஸில் அரண்மனைக்குப் பக்கத்தில் உள்ள தடுப்பணையில் முன்பு ஒருநாள் பதிவு செய்ததை எடுத்து வைத்தேன். அதே ஆறுதானே என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். இப்போது யோசித்தால், ஹராமா வந்து கலப்பதற்கு முன்னால் உள்ள ஆறு அது. கண்ணில் அழுக்கு ஆறு, காதில் சுத்தமான ஆறு. தெரிந்து செய்யவில்லை, ஆனால் செய்தது தப்பு.

மழைக்காகிதம் எழுதியது:

திறந்து சொன்னதற்கு நன்றி. இதில் எல் கிரெக்கோவிடம் ஒரு வழி இருக்கிறது. நீங்கள் எடுத்திருக்கிற எல் கிரெக்கோ அருங்காட்சியகத்திலேயே அவர் வரைந்த ஊர்த் தோற்றமும் வரைபடமும் சேர்ந்த ஓவியம் உண்டு. தவேரா மருத்துவமனைக் கட்டடத்தை இருக்கிற இடத்தில் வரைந்தால் ஊரின் நுழைவாயிலை மறைக்கிறது. அதனால் அதைத் தூக்கி ஒரு மேகத்தின் மேல் வைத்துவிட்டார். வைத்ததோடு நிற்கவில்லை, ஏன் இடம் மாற்றினேன் என்று அந்த ஓவியத்துக்குள்ளேயே எழுதியும் வைத்தார். நியூயார்க்கில் உள்ள புயல் மேக ஓவியத்தில் பேராலயத்தை அல்காசருக்குப் பக்கத்தில் நகர்த்தியிருக்கிறார், அங்கே விளக்கம் எழுதவில்லை. ஓவியருக்கு இரண்டும் செல்லும். ஆவணப்படம் என்று பெயர் போட்டுக்கொள்கிறவர்களுக்கு முதல் வழிதான் சரி என்று நினைக்கிறேன். ஒன்று சத்தத்தை மாற்றுங்கள், இல்லை எங்கே எடுத்தது என்று திரையில் எழுதுங்கள்.

நீர்வழி எழுதியது:

எழுதினால் நுரை தானாகப் புரியும்! "அரான்ஹுவேஸ்" என்று போட்டு நல்ல தண்ணீர், "தொலேதோ" என்று போட்டு இந்தத் தண்ணீர். வர்ணனையே தேவையில்லை. இரண்டு ஊருக்கும் இடையில் என்ன நடந்தது என்று பார்க்கிறவனே கேட்பான்.

வெட்டுமேசை எழுதியது:

ஐயா, சினிமா தெரியாது என்று சொன்னதை வாபஸ் வாங்கிக்கொள்ளுங்கள்.

பழையகணக்கு எழுதியது:

அம்மா, ஒரு யோசனை. என் நீர்க்கடிகாரத்துக்கு நீங்கள் காட்டப் படம் இல்லை, தொட்டிகள் இன்றைக்குக் கண்ணுக்குத் தெரிகிற மாதிரி நிற்கவில்லை. விட்டுவிடுங்கள். ஆனால் இரண்டு பேர் மேசையில் உட்கார்ந்து ஒருவர் சொல்ல ஒருவர் எழுதுவதைக் குரலில் காட்டலாம். அரபு ஒரு குரல், ஸ்பானிய மொழி ஒரு குரல், லத்தீன் ஒரு குரல். ஆற்றின் மேல் அது கேட்கட்டும். கட்டடம் எதுவும் வேண்டாம்.

மழைக்காகிதம் எழுதியது:

அதே குரல்களில் 1449 ஆணையின் ஒரு வரி ஸ்பானிய மொழியில் வரட்டும். அந்த நேரம் வெள்ளை மாதா கோவிலின் காலி வளைவுகள் மட்டும் திரையில் இருந்தால் போதும். அதற்கு மேல் நான் எதுவும் கேட்கமாட்டேன்.

படகுத்துறை எழுதியது:

மூன்று வாரம் கழித்து வருகிறேன், மன்னிக்கவும். இரண்டு தடவை மறுபடி போனேன்.

முதல் தடவை காற்று இல்லாத காலை. சான் மார்த்தீன் பாலத்துக்குக் கீழே நுரைக்கு ஒரு கை தூரத்தில் மைக்கைப் பிடித்தேன். நுரைக்குத் தனிச் சத்தம் இருக்கிறது. சோடா பாட்டிலைத் திறந்து வைத்தால் கொஞ்ச நேரம் கழித்துக் கேட்குமே, அப்படி மெல்லிய பொரிச்சல். பின்னால் தடுப்பணையின் இரைச்சல். நாற்றமும் இருந்தது, அதை எப்படிப் படத்தில் காட்டுவது என்று தெரியவில்லை.

நாய் கூட்டிக்கொண்டு வந்த ஒரு பெரியவர் என்ன செய்கிறாய் என்று கேட்டார். சொன்னேன். சாஃபோன்ட் கரையில்தான் நீச்சல் பழகினாராம். தன் அம்மா கரையில் உட்கார்ந்து தர்பூசணியை ஆற்றுத் தண்ணீரில் குளிரவைத்ததைச் சொன்னார். கயிறு கட்டி விடுவார்களாம், இழுத்துக்கொண்டு போகாமல் இருக்க. தன் பேரனுக்கு நீச்சல் குளத்தில்தான் கற்றுக்கொடுத்தேன் என்றார். முகத்தைக் காட்ட வேண்டாம், குரலை எடுத்துக்கொள் என்றார். நான்கு நிமிடம் பேசினார். ஒரு வார்த்தைகூட வெட்ட மனசில்லை.

இரண்டாம் தடவை மடத்துக்குப் போனேன். பதிவு செய்யலாமா என்று கேட்டேன். உள்ளேயிருந்து கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு, "மணியை எடுத்துக்கொள்ளுங்கள், பெட்டி சுழலும் சத்தத்தை எடுத்துக்கொள்ளுங்கள், என் குரல் வேண்டாம்" என்றார் அந்தச் சகோதரி. வல்லைவெளி அக்கா, அந்தக் குரல் படத்தில் இருக்காது. மரம் கிறீச்சிடும் சத்தம் இருக்கும்.

இப்போது வரிசை இப்படி இருக்கிறது. இருட்டுத் திரை, தெளிந்த தண்ணீர்ச் சத்தம், "அரான்ஹுவேஸ்" என்ற எழுத்து. பிறகு "தொலேதோ", நுரை, முப்பது விநாடி. அல்காந்தரா பாலத்துக்குப் பக்கத்துக் கரை, அங்கிருந்து கேமரா மெதுவாக 90 மீட்டர் மேலே ஏறி அல்காசரில் நிற்கும்போது துர்ரியானோ கதை. மூன்று மொழிக் குரல்கள். காலி வளைவுகள், ஆணையின் ஒரு வரி. மடத்துப் பெட்டி. கடைசியில் பெரியவரின் தர்பூசணி. வாள் கடை, அந்தி, மேட்டிலிருந்து ஊர் முழுதும் தெரியும் காட்சி எல்லாம் போய்விட்டது. எல் கிரெக்கோவும் போய்விட்டார். அது மட்டும் வலிக்கிறது, சாந்தோ தோமே தேவாலயத்தில் அவர் வரைந்த அந்த நல்லடக்க ஓவியத்தின் முன்னால் நான் எவ்வளவு நேரம் நின்றேன் என்று எனக்குத்தான் தெரியும்.

வர்ணனை 14 நிமிடத்திலிருந்து மூன்றாகக் குறைந்திருக்கிறது. படம் இப்போது 16 நிமிடம்.

வல்லைவெளி எழுதியது:

அந்தச் சகோதரி வேண்டாமெண்டதை மதிச்சீங்கள், அது போதும் தங்கச்சி. மகளுக்குச் சொன்னன். பெட்டிச் சத்தம் வந்த உடன தானே பதில் சொல்லுறாளாம்.

நீர்வழி எழுதியது:

தர்பூசணிக் கயிறு எந்தக் கரையில் கட்டினார்கள், பாலத்துக்கு மேலேயா கீழேயா என்று பெரியவரை மறுபடி பார்த்தால் கேளுங்கள். நீரோட்டம் எந்தப் பக்கம் மெதுவாக இருந்தது என்று அதிலிருந்து தெரியும்.

படகுத்துறை எழுதியது:

சனிக்கிழமை போகிறேன் ஐயா. கேட்டுவிட்டு வந்து எழுதுகிறேன்.